மனிஷா கொய்ராலா: சரிவு, நோய், மறுவரவு – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2024 மே மாதம் 'ஹீராமண்டி' தொடர் வந்த பிறகு, "இது நம்ம பம்பாய் மனிஷாவா?" என்று என்னிடம் கேட்டவர்கள் பலர். அந்தக் கேள்வியில் தொடங்கி மதுப் பழக்கம், புற்றுநோய், திருமண முறிவு என்று பேச்சு எங்கெங்கோ போகும். பாதித் தகவல் தப்பாக இருக்கும். அடிக்கடி வரும் கேள்விகளை இங்கே ஒன்றாக வைத்துப் பதில் சொல்கிறேன்.

மனிஷா கொய்ராலா எந்த ஊர்க்காரர்? அரசியல் குடும்பம் என்கிறார்களே?

நேபாளம். 1970 ஆகஸ்ட் 16 அன்று பிறந்தவர். தாத்தா பி.பி. கொய்ராலா, 1959இல் தேர்தலில் வென்று நேபாளத்தின் பிரதமரானவர். மக்கள் தேர்ந்தெடுத்த முதல் பிரதமர் அவர்தான். அடுத்த ஆண்டே மன்னர் மகேந்திரா அவரைப் பதவியிலிருந்து இறக்கிச் சிறையில் அடைத்தார். தாத்தாவின் சகோதரர்கள் இரண்டு பேரும் பிரதமர்களாக இருந்தவர்கள். அப்பா பிரகாஷ் கொய்ராலா அமைச்சராக இருந்தவர்.

இப்படிப்பட்ட குடும்பத்துப் பெண் சினிமாவுக்குப் போவது சாதாரண விஷயமல்ல. சிறுவயதில் காசியில் பாட்டியிடம் வளர்ந்தார், பிறகு டெல்லியில் படித்தார். 1989இல் ஒரு நேபாளிப் படம், 1991இல் சுபாஷ் கய் இயக்கிய 'சௌதாகர்'. அந்த இந்திப் படம் பெரிய வெற்றி.

ஆரம்பத்திலேயே நடிப்பு வந்துவிட்டதா?

இல்லை. '1942: எ லவ் ஸ்டோரி' படத்துக்கான முதல் சோதனைக் காட்சியைப் பார்த்துவிட்டு, நடிப்பு மோசம் என்று இயக்குநர் விது வினோத் சோப்ரா முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். மனிஷா அழுதுகொண்டு போகவில்லை. ஒரு நாள் அவகாசம் கேட்டார். வீட்டுக்குப் போய் அதே வசனங்களைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்து, மறுநாள் வந்து நடித்துக் காட்டி வாய்ப்பை வாங்கினார். படம் 1994இல் வந்தது. இந்த ஒரு நாள் கதையை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பிற்காலத்தில் அவர் செய்ததெல்லாம் ஏறக்குறைய இதேதான், என்ன, அவகாசம் கொஞ்சம் நீண்டுவிட்டது.

தமிழுக்கு எப்படி வந்தார்?

'பம்பாய்' வழியாக, 1995 மார்ச்சில். அப்போது வயது 24. இரட்டைக் குழந்தைகளுக்குத் தாயாக நடிக்கும் வேடம் என்றதும் தயங்கியிருக்கிறார். அந்தக் காலத்தில் இளம் கதாநாயகி அம்மாவாக நடித்தால் மார்க்கெட் போய்விடும் என்று பயமுறுத்த ஆள் நிறைய இருந்தார்கள். மணிரத்னம் படத்தை வேண்டாம் என்று சொல்வது முட்டாள்தனம் என்று ஒளிப்பதிவாளர் அசோக் மேத்தா கண்டித்த பிறகுதான் ஒப்புக்கொண்டார். பிறகு நடந்தது நமக்குத் தெரியும். திருமலை நாயக்கர் மகாலின் தூண்களுக்கு நடுவே 'கண்ணாளனே', பேக்கல் கோட்டையில் 'உயிரே'. அவர் நடித்த ஷைலா பானு பாத்திரத்துக்கு வசனம் குறைவு, கண்ணுக்கு வேலை அதிகம்.

அடுத்த ஆண்டு 'இந்தியன்', 1999இல் 'முதல்வன்'. 'முதல்வன்' தேன்மொழியைத்தான் எங்கள் ஊர்ப்பக்கம் இன்றும் சொல்வார்கள். நேபாளத்து முகம் என்று யாருக்கும் தோன்றவில்லை, கிராமத்துப் பெண்ணாக எடுத்துக்கொண்டார்கள். நடுவில் 'தில் சே' என்ற இந்திப் படம் தமிழில் 'உயிரே' என்ற பெயரில் வந்தது.

'பம்பாய்' படத்தில் நாம் கேட்டது அவருடைய குரலா?

இல்லை. நடிகை ரோகிணியின் குரல். ரோகிணி அந்தப் பாத்திரத்துக்குச் செய்தது தனியாக ஒரு நடிப்பு, அதைப் பற்றித் தனியாகவே எழுதலாம்.

இது சின்னத் தகவல் போலத் தெரியும். எனக்கு அப்படியில்லை. தமிழர்களுக்கு மனிஷாவின் முகம் நெஞ்சோடு பழக்கம், குரல் மட்டும் தெரியாது. அவர் குரலை நான் முதலில் ஒழுங்காகக் கேட்டதே, நோயிலிருந்து மீண்டபின் மேடைகளில் அவர் பேசிய பேச்சுகளில்தான். கொஞ்சம் கரகரப்பு, அவசரமே இல்லாத பேச்சு. ஷைலா பானுவுக்கு நேர் எதிர்.

இவ்வளவு உயரத்தில் இருந்தவர் ஏன் சரிந்தார்? 'பாபா' தோல்விதான் காரணமா?

தென்னிந்தியப் பட வாய்ப்புகள் நின்றதற்கு ரஜினியோடு நடித்த 'பாபா' ஒரு காரணம் என்று அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் எல்லாப் பழியையும் அதன் தலையில் போடுவது நியாயமில்லை. 2002 என்ற ஒரு வருடத்தை மட்டும் எடுத்துப் பாருங்கள்.

அந்த ஆண்டு ராம் கோபால் வர்மாவின் 'கம்பெனி' வந்தது. அதற்கு ஃபிலிம்ஃபேர் விமர்சகர் விருது கிடைத்தது. 'பம்பாய்', 'காமோஷி' படங்களுக்குப் பிறகு அவர் வாங்கிய மூன்றாவது விமர்சகர் விருது அது. ஆகஸ்டில் 'பாபா' வந்து விழுந்தது. அதே சமயத்தில் வேறொரு இந்திப் படத்தில், தன் சம்மதமில்லாமல் தனக்குப் பதிலாக வேறொரு பெண்ணை வைத்து ஆபாசமான காட்சிகளை எடுத்துச் சேர்த்துவிட்டார்கள் என்று நீதிமன்றம் போனார். படத்தைத் தடுக்கப் போராடினார், கடைசியில் அது வெளிவந்து ஓடவும் செய்தது. அவர் வழக்குப் போட்டதைக்கூட விளம்பரத்துக்காகத்தான் என்று பேசினார்கள். ஒரே வருடத்தில் விருது, தோல்வி, அவமானம்.

அதற்கு முன்பே சோர்வு தொடங்கியிருந்தது. தொண்ணூறுகளின் பிற்பாதியில் வந்த படத்தையெல்லாம் ஒப்புக்கொண்டார். நல்ல இயக்குநர் படம் ஒன்று என்றால் கூடவே நாலைந்து சுமாரான படங்கள். அந்தக் கால நடிகைகள் பலர் அப்படித்தான் உழைத்தார்கள். ஒரு செட்டிலிருந்து இன்னொரு செட்டுக்கு, தூக்கம் காரில். முப்பது வயது தாண்டியதும் வேடங்கள் தாமாகவே குறையும். நடிகருக்கு ஐம்பது வயதிலும் காதல் பாட்டு உண்டு, நடிகைக்கு முப்பத்திரண்டில் அண்ணி வேடம். 'பாபா' ஓடியிருந்தாலும் இந்தக் கணக்கு மாறியிருக்காது என்பது என் கருத்து.

சும்மா இருந்துவிட்டாரா?

இல்லை. 2004இல் 'பைசா வசூல்' என்ற இந்திப் படத்தைத் தயாரித்தார். இரண்டு பெண்களை முன்னால் வைத்து, காதல் கதை இல்லாமல் எடுத்த படம். ஓடவில்லை. நியூயார்க் போய்த் திரைப்பட உருவாக்கத்தில் டிப்ளமா படித்தார். முப்பது வயதுக்கு மேல், ஊரே அறிந்த முகத்தோடு, மாணவியாக உட்காருவதற்கு ஒரு மனசு வேண்டும். எட்டு வருடம் கழித்து அதே நகரத்துக்கு நோயாளியாகப் போவார் என்று அப்போது தெரியாது.

மதுப் பழக்கம் இருந்தது உண்மையா?

வதந்தியாகச் சுற்றிய விஷயம்தான், ஆனால் அதைப் பற்றி அவரே வெளிப்படையாகப் பேசியிருக்கிறார், எழுதியிருக்கிறார். தப்பான உறவுகள், குடி, உடம்பைக் கவனிக்காமல் விட்டது எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டிருக்கிறார்.

ஒரு சம்பவம் சொல்வார். 'சௌதாகர்' காலத்து விருந்து ஒன்றில் கோக்கில் வோட்கா கலந்து குடித்துக்கொண்டிருந்தார். நடிகை குடிப்பது வெளியே தெரியக்கூடாது, கேட்டால் கோக் என்று சொல் என்று சுற்றியிருந்தவர்கள் சொல்லிக் கொடுத்தார்கள். அம்மாவிடமும் அதையே சொன்னார். அம்மா, வோட்கா குடித்தால் வோட்கா என்றே சொல், இதற்கெல்லாம் எதற்குப் பொய் என்றாராம். சினிமா கற்றுக்கொடுத்தது ஒன்று, அம்மா கற்றுக்கொடுத்தது இன்னொன்று. இருபது வருடம் முதல் பாடம் ஜெயித்தது.

திருமணம்?

2010இல் நேபாளத் தொழிலதிபர் ஒருவரை மணந்தார். 2012இல் பிரிந்தார்கள். முறிவுக்குத் தன் பக்கத் தவறுகளும் காரணம் என்று பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அதற்கு மேல் நமக்கு எதற்கு?

என்ன புற்றுநோய்? கர்ப்பப்பைப் புற்றுநோய்தானே?

இல்லை, இங்கேதான் பல தமிழ்ச் செய்திகள் குழப்பிவிட்டன. அவருக்கு வந்தது சினைப்பைப் புற்றுநோய். கர்ப்பப்பை வேறு, கர்ப்பப்பை வாய் வேறு, கருமுட்டை உருவாகும் சினைப்பை வேறு. மூன்றிலும் வரும் புற்றுநோய்க்குப் பரிசோதனையும் சிகிச்சையும் வெவ்வேறு.

2012 நவம்பர் கடைசியில், காத்மாண்டுவில் இருந்தபோது தெரியவந்தது. அதற்கு முன்பே வயிறு வீங்கியிருந்தது. உடம்பு போட்டுவிட்டது, வாயுத் தொல்லை என்று விட்டுவிட்டார். பிறகு மும்பையில் பரிசோதனைகள், அங்கிருந்து நியூயார்க். ஸ்லோன் கெட்டரிங் புற்றுநோய் மருத்துவமனையில் டிசம்பரில் அறுவை சிகிச்சை நடந்தது. கண்ணுக்குத் தெரியும் கட்டியை முடிந்தவரை முழுக்க எடுத்துவிடுவது இந்த நோய்க்கான அறுவையின் நோக்கம், அதனால் அது பல மணி நேரம் பிடிக்கும். அதன்பின் கீமோதெரபி. முடி கொட்டியது, மாதக்கணக்கில் அங்கேயே தங்க வேண்டியிருந்தது. கட்டி முற்றிய நிலையில் கண்டுபிடிக்கப்பட்டதால் பிழைப்போமா என்ற பயம் அவருக்கு நிறையவே இருந்தது. 2013இல் ஊர் திரும்பினார். அப்போது 42 வயது.

கூட இருந்தது குடும்பம்தான். விருந்துகளில் சுற்றியிருந்த நண்பர் கூட்டத்தில் பெரும்பாலோர் காணாமல் போனதை மறைக்காமல் சொல்லியிருக்கிறார். அடுத்தவர் வலியோடு உட்கார்ந்திருக்க எல்லோராலும் முடியாது என்று, கோபமில்லாமல்தான் சொல்கிறார்.

இந்த நோயின் அறிகுறிகள் என்ன? முன்கூட்டியே கண்டுபிடிக்க முடியுமா?

நான் மருத்துவர் இல்லை. பொதுவாக மருத்துவர்கள் சொல்வதைச் சொல்கிறேன்.

நான்கு விஷயங்களைக் கவனிக்கச் சொல்வார்கள்: வயிறு உப்புசம், கொஞ்சம் சாப்பிட்டாலே வயிறு நிறைந்துவிடுவது, அடிவயிற்றில் வலி, அடிக்கடி சிறுநீர் போக வேண்டியிருப்பது. இவையெல்லாம் யாருக்கும் எப்போதும் வருகிறவைதானே என்றால், ஆமாம், சிக்கலே அதுதான். புதிதாகத் தொடங்கி, மாதத்தில் 12 நாட்களுக்கு மேல், விடாமல் இருந்தால் சீரகத் தண்ணீரோடு நிறுத்திக்கொள்ளாமல் மகப்பேறு மருத்துவரைப் பார்க்க வேண்டும். ஸ்கேனும் சி.ஏ.125 என்ற ரத்தப் பரிசோதனையும் எடுப்பார்கள். அந்த ரத்த அளவு மாதவிடாய் நேரத்திலும் வேறு சில சாதாரணக் காரணங்களாலும் ஏறும், அதனால் அது ஏறியிருப்பதை மட்டும் பார்த்துப் பதற வேண்டாம்.

பாப் ஸ்மியர் எடுத்துவிட்டேன், ஒன்றும் இல்லை என்று சிலர் நிம்மதியாக இருப்பார்கள். அது கர்ப்பப்பை வாய்க்கான பரிசோதனை. சினைப்பைப் புற்றுநோயை அது காட்டாது. அறிகுறி இல்லாத பெண்கள் எல்லோரும் எடுத்துக்கொள்ளும்படியான நம்பகமான முன்பரிசோதனை இந்த நோய்க்கு இன்னும் வரவில்லை. அம்மா, சித்தி, அக்கா என்று குடும்பத்தில் யாருக்காவது மார்பகப் புற்றுநோயோ சினைப்பைப் புற்றுநோயோ இருந்திருந்தால், மருத்துவரிடம் அதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். மரபணு வழியாக வரும் வகை ஒன்று உண்டு.

நோய் தனக்குக் கிடைத்த பரிசு என்றாராமே? அப்படிச் சொல்லலாமா?

2018இல் வந்த அவருடைய 'ஹீல்ட்' என்ற ஆங்கில நூலின் துணைத் தலைப்பே, புற்றுநோய் எனக்குப் புது வாழ்க்கை கொடுத்தது என்ற பொருளில்தான் இருக்கிறது. பேட்டிகளிலும் சொல்லியிருக்கிறார்.

சரி, அவர் சொல்லலாம். அந்தப் படுக்கையில் கிடந்தவர் அவர். ஆனால் இதைப் படித்துவிட்டு, கீமோ முடிந்து வாந்தியோடு படுத்திருக்கிற உறவுக்காரப் பெண்ணிடம் போய், "எல்லாம் நல்லதுக்குத்தான், மனிஷாவே சொல்லியிருக்காங்க" என்று ஆறுதல் சொல்லாதீர்கள். ஒருவர் தன் வலிக்கு வைத்த பெயரை இன்னொருவர் வலியின் மேல் ஒட்டக்கூடாது. அதுவும் நியூயார்க் போய்ச் சிகிச்சை எடுக்கும் வசதி அவருக்கு இருந்தது. அதையும் சேர்த்துத்தான் இந்தக் கதையைப் படிக்க வேண்டும்.

நூலில் எனக்குப் பிடித்தது அந்தத் தலைப்பல்ல. பயந்ததை, குடித்ததை, உடம்பு சொன்னதைக் கேட்காமல் விட்டதை எழுதியிருக்கிறாரே, அதுதான். கோக் என்று சொல்லச் சொன்னவர்களுக்கு, இருபத்தைந்து வருடம் கழித்து, வோட்கா என்று பதில் சொல்லிவிட்டார்.

எந்தப் படத்தில் திரும்பி வந்தார்?

பலரும் 2017இல் வந்த 'டியர் மாயா' என்று சொல்வார்கள். அதற்கு ஒரு வருடம் முன்பே, 2016இல், தமிழில் 'ஒரு மெல்லிய கோடு' வந்துவிட்டது. 'முதல்வன்' அர்ஜுனும் அதில் இருந்தார். யாரும் பெரிதாகக் கவனிக்கவில்லை.

'டியர் மாயா'வில் இருபது வருடமாக வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடக்கும் பெண் வேடம். முகத்தில் சுருக்கமும் களைப்பும் தெரிய நடித்தார். 2018இல் 'லஸ்ட் ஸ்டோரீஸ்' தொகுப்பில் திபாகர் பானர்ஜியின் பகுதி. திருமணமான நடுவயதுப் பெண், கணவனின் நண்பனோடு உறவு, நாடகம் எதுவும் இல்லாத பேச்சு. என்னைக் கேட்டால், மறுவரவு உண்மையில் தொடங்கியது இங்கேதான். பழைய அழகைத் திரும்பக் கொண்டுவர முயலவில்லை. இருக்கிற முகத்தோடு வந்து நின்றார்.

'சஞ்சு' படத்தில் நர்கிஸாக நடித்தது தற்செயலா?

நடிகர் சஞ்சய் தத்தின் கதையைச் சொல்லும் படம் அது, 2018. அவருடைய தாய் நர்கிஸ் கணையப் புற்றுநோயால் 1981 மே மாதம், மகனின் முதல் படம் வெளியாவதற்குச் சில நாட்கள் முன்பு இறந்தார். நர்கிஸுக்குச் சிகிச்சை நடந்தது நியூயார்க்கின் அதே ஸ்லோன் கெட்டரிங் மருத்துவமனையில். தான் பிழைத்துவந்த இடத்தில் சிகிச்சை எடுத்தும் பிழைக்க முடியாமல் போன ஒருவராக மனிஷா நடித்திருக்கிறார். படத்தில் சில நிமிடங்கள்தான் வருவார். இதைத் தெரிந்துகொண்டு மறுபடி பார்த்தபோது என்னால் அந்த நிமிடங்களை வெறும் நடிப்பாகப் பார்க்க முடியவில்லை.

'ஹீராமண்டி'யில் அப்படி என்ன விசேஷம்?

'காமோஷி' சஞ்சய் லீலா பன்சாலியின் முதல் படம், 1996. பேசவும் கேட்கவும் முடியாத பெற்றோரின் மகளாக அதில் மனிஷா. 28 வருடம் கழித்து அதே இயக்குநர் கூப்பிட்டு, லாகூர் தாசிகள் மாளிகையின் தலைவி மல்லிகாஜான் வேடத்தைக் கொடுத்தார். அன்பும் கொடூரமும் ஒரே பார்வையில் வரவேண்டிய வேடம். அம்மா வேடம் என்று ஓரத்தில் நிறுத்தாமல், கதையே அவரைச் சுற்றி நடக்கிறது. 'பம்பாய்' நேரத்தில் அம்மா வேடம் என்று தயங்கினவர், இதில் அம்மாவாகவே மிரட்டுகிறார்.

நீரூற்றுக்குள் நிற்கும் காட்சி ஒன்று உண்டு. அதற்காகப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் தண்ணீரில் இருந்ததாக அவரே எழுதியிருக்கிறார். வெதுவெதுப்பான சுத்தமான நீர்தான் வைத்தார்கள், நேரம் போகப் போகக் கலங்கிவிட்டதாம். வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது. முடிந்தபோது உடம்பு அசந்துபோயிருந்தாலும் உள்ளுக்குள் சந்தோஷமாக இருந்தது என்றார், இந்த உடம்பு தாங்குகிறதே என்று.

அப்படியானால் இப்போது முழுக்கச் சரியாகிவிட்டாரா?

புற்றுநோயிலிருந்து மீண்டு பத்து வருடங்களுக்கு மேலாகிறது. ஆனால் நோயும் மனச்சோர்வும் இன்றும் சில சமயம் உடம்பையும் மனசையும் பாதிக்கின்றன என்று 2024இல் சொன்னார். 'ஹீராமண்டி' படப்பிடிப்பு நாட்களில்கூட மனநிலை ஏறி இறங்கியதாம், பல்லைக் கடித்துக்கொண்டு முடித்திருக்கிறார். சுபம் போட்டு முடிக்கும் கதை எதிர்பார்ப்பவர்களுக்கு இது ஏமாற்றமாக இருக்கலாம். நோயாளிகளுக்கு இருக்காது.

குழந்தை?

தாயாக முடியாமல் போனது கடினமாக இருந்தது, அதோடு சமாதானம் ஆகிவிட்டேன் என்றிருக்கிறார். அவ்வளவுதான்.

சினிமா தவிர வேறு என்ன செய்கிறார்?

புற்றுநோய் விழிப்புணர்வுக் கூட்டங்களில் பேசுகிறார். ஐ.நா. மக்கள்தொகை நிதியத்தின் நல்லெண்ணத் தூதராக நேபாளத்தில் பணியாற்றியிருக்கிறார்.

அவரைத் தெரியாத இளையவர்கள் எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

'பம்பாய்' முதலில், ரோகிணியின் குரலோடு. அப்புறம் நேராக 'லஸ்ட் ஸ்டோரீஸ்' பகுதி, இந்தியில், அவர் குரலோடு. அரை மணி நேரம்தான். இடையில் உள்ள 23 வருடத்தை அந்தக் குரலிலேயே கேட்கலாம். பிடித்திருந்தால் 'காமோஷி', பிறகு 'ஹீராமண்டி'. 'மாப்பிள்ளை' என்று 2011இல் தனுஷோடு நடித்த ஒன்று இருக்கிறது, 1989 படத்தில் ஸ்ரீவித்யா செய்த மாமியார் வேடம். அதை மட்டும் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள், இல்லை, பார்க்காவிட்டாலும் ஒன்றும் குறைந்துவிடாது.